கழிவு போக

நவம்பர் பத்தொன்பது, விடிகாலை ஐந்தே கால்.
டிரேட்டன் சர்க்கரை ஆலைக்கு மூன்று மைல் இருக்கையில்
மான் வந்தது. மானோடு என் கார் போனது.
காப்பீட்டுக்காரர்கள் நல்லவர்கள். பத்தே நாளில்
இனிப் பிழைக்காது என்று எழுதிப் பணம் கொடுத்து
அதை இழுத்துக்கொண்டு போனார்கள்.

அடுத்த வாரம் இழுப்பறையில் அகப்பட்டது
அந்த நீல உறை: ஏழு வருட சர்வீஸ் ஒப்பந்தம்.
இன்னும் மூன்று வருடம்
இல்லாத கியர்பாக்ஸுக்கு முழுப் பாதுகாப்பு.

விற்றவன் பெயர் பிரையர்.
கையெழுத்து வாங்கிய அன்று எனக்குக் காபி தந்தான்,
என் நாய்க்கு பிஸ்கட் தந்தான்,
எந்த நிமிடமும் ரத்து செய்துகொள்ளலாம் என்றான்.
நிமிடத்தைப் பற்றி அவன் பொய் சொல்லவில்லை.
எந்த ஆளிடம் என்பதைத்தான் சொல்லாமல் விட்டான்.

கிராண்ட் ஃபோர்க்ஸில் கேட்டால், டெக்ஸாஸைக் கேளுங்கள்.
டெக்ஸாஸில் கேட்டால், வாங்கிய இடத்தில் கேளுங்கள்.
பிரையர்?
அவர் இப்போது படகு விற்கிறார், மேடம், வேறு ஊரில்.
கிணற்றில் போட்ட கல் என்பார்கள்.
கல்லுக்காவது தொப்பென்று ஒரு சத்தம் உண்டு,
என் ஃபேக்ஸுக்கு அதுவும் இல்லை.

ஐந்தாவது முறை எடுத்த பெண்
ஹௌகோஸ் என்ற என் பெயரை ஹாக்கஸ் ஆக்கினாள்.
ஆக்கட்டும். அவள் ஒருத்திதான் பட்டியலைச் சொன்னவள்:
கடன் அடைந்ததற்கு வங்கியின் கடிதம்,
நோட்டரி முத்திரை,
வண்டி இதுவரை ஓடிய தூரம், படத்தோடு.
வண்டி செத்துவிட்டதே அம்மா, என்றேன்.
தட்டச்சு நின்றது. பிறகு,
"செத்த அன்றைய தூரம் போதும்."

டெல்மரின் உடைசல் கிடங்கில் முழங்கால் பனி.
மூன்றாவது வரிசையில் நின்றது.
முன்முகம் இல்லை,
உடைந்த கண்ணாடியில் இன்னும் பழுப்பு மயிர்.
பேட்டரியை யாரோ கழற்றி விற்றாயிற்று.
டெல்மர் தன் லாரியை ஒட்டி நிறுத்தி
சிவப்புக் கம்பி, கறுப்புக் கம்பி,
இரண்டையும் இழுத்துக் கவ்வவிட்டான்.
சாவியைத் திருப்பினேன்.
முகப்பு முழுதும் விளக்கு.
ரேடியோ, ஒன்றுமே நடக்காததுபோல,
இன்றைய கோதுமை விலையைச் சொன்னது.
88,412.
எண்ணுக்குப் பக்கத்தில், மஞ்சளாக,
சர்வீஸ் செய்யும் நேரம்.

டெல்மர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். நானும்தான்.
அதில் படம் ஆடிவிட்டது.
இரண்டாவது படம் எடுக்கையில் யாரும் சிரிக்கவில்லை.
கம்பியைக் கழற்றட்டுமா என்று கேட்டான்.
இன்னொரு நிமிடம் என்றேன், ஏனென்று தெரியாமல்.

பிப்ரவரியில் காசோலை வந்தது.
நாள், மைல், இரண்டில் எது அதிகம் தேய்ந்ததோ அதைக் கழித்து,
ரத்துக் கட்டணம் ஐம்பதையும் கழித்து,
கழுதை தேய்ந்து
அறுநூற்றுப் பதினொரு டாலர் நாற்பது சென்ட்.

குறை சொல்ல எனக்கு வாய் இல்லை.
ஆலையின் எடைமேடையில் இருபத்திரண்டு வருடமாய்
நானும் இதைத்தான் செய்கிறேன்.
பாரத்தோடு ஒரு எடை, கொட்டிவிட்டு ஒரு எடை,
கிழங்கில் ஒட்டிய மண்ணுக்குக் கழிவு,
மிச்சம் விவசாயிக்கு.
அந்த மண்ணுக்காக என் ஜன்னலைத் தட்டிச்
சண்டை போடாத ஆள் இந்தப் பள்ளத்தாக்கில் இல்லை.
சீட்டைப் பாருங்கள், பின்பக்கம் அச்சிட்டிருக்கிறது என்பேன்.
நீல உறையிலும் பின்பக்கம்தான் அச்சிட்டிருந்தது.

இன்று லாரிகள் வராத ஒரு இடைவெளியில்
மேடையின் எண் தானாக அசைந்தது.
ஜன்னலின் ஆவியைத் துடைத்துப் பார்த்தேன்.
உதிர்ந்த பீட்ரூட்டைக் கடித்துக்கொண்டு
ஒன்று நிற்கிறது, குளம்பு நான்கும் மேடையில்.
நூற்று அறுபது பவுண்டு.

சீட்டு அடிக்கவில்லை.
அது இறங்கும்வரை
அடுத்த லாரிக்குச் சிவப்பு விளக்கை எரியவிட்டேன்.
அவன் ஹார்ன் அடித்தான். அடிக்கட்டும்.