சான்றாவணம் ஏழு

சம்பளச் சீட்டு கேட்டார்கள்.
லைட்செட் போடுகிறவருக்கு
யார் எழுதித் தருவார் சம்பளச் சீட்டு?
மஞ்சப்பையிலிருந்து
நாற்பது பக்க நோட்டை எடுத்துக் கொடுத்தேன்.

ஆ.தெக்கூர் காதுகுத்து, ஆயிரத்து எண்ணூறு.
கொத்தமங்கலம் புதுமனை, சீரியல் நாலு, குழல்விளக்கு பத்து.
பள்ளத்தூர் அறுபதாம் கல்யாணம்,
டீசல் அவுக செலவு.
பேனா மை நின்றுபோன ஒரு வரியில்
தொகையை நகத்தால் கீறியிருந்தார்.

தேவகோட்டைக் கோர்ட்டில் மின்விசிறி
இரண்டு சுற்றுக்கு ஒருமுறை முனகியது.
இன்சூரன்ஸ் வக்கீல் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார்.
"ரசீது இல்லை, கையெழுத்து இல்லை.
செத்த பிறகு நீங்களே எழுதியிருக்கலாமே?"
எனக்கு ழ எழுத வராதுங்க,
குழல்விளக்கை ஒழுங்காக எழுதுவது
எங்கள் வீட்டில் அவர் மட்டும்தான் என்றேன்.
தட்டச்சு செய்த பெண்
அதை மட்டும் தட்டாமல் விட்டாள்.

"தலைக்கவசம்?"
இருந்தது.
ஏணி பிடிக்க வந்த பையனின் தலையில் மாட்டிவிட்டு
இவர் ஓட்டினார்.
பையன் இப்போது
திருப்பத்தூரில் செல்போன் கடையில் இருக்கிறான்.
மகஜரில் எழுதியிருக்கிறது,
குன்றக்குடி விலக்குச் சாலையில்
பதினோரு அடி நீளத்துக்கு
வண்ணக் கண்ணாடித் துகள்.

வேலை கொடுத்தவர் ஒருவராவது
கூண்டேற வேண்டும் என்றார் எங்கள் வக்கீல்.
கூலியை முழுதாகத் தந்தவர்கள் எல்லோருக்கும்
அன்றைக்குப் பார்த்து ஒரு ஜோலி இருந்தது.
வந்தவர் ரத்தினவேல் ஒருவர்தான்.
கானாடுகாத்தான்.
இரண்டு வருஷமாக என்னைக் கண்டால்
சந்தையில் எதிர்ச்சாரிக்குப் போகிறவர்.

"மக சடங்குக்குப் போட்டாரு.
மூவாயிரம் பேசினோம்.
ரெண்டாயிரத்து நானூறு கொடுத்தேன்."
"மீதி?"
துண்டை ஒரு தோளிலிருந்து
இன்னொரு தோளுக்கு மாற்றினார்.
"மீதி நிக்குதுங்க."
நீதிபதி நோட்டைப் புரட்டினார்.
பதினெட்டாம் பக்கம்.
அங்கேயும் அறுநூறு நின்றுகொண்டிருந்தது.

கொடுத்த பணம் ஒன்றும் சாட்சி சொல்லவில்லை.
கொடுக்காத அறுநூறு வந்து
நாற்பது பக்கத்தையும் மெய்யாக்கிவிட்டுப் போனது.

பிறகு கணக்கு.
மாதம் பதினைந்தாயிரம் என்று வைத்தார்கள்.
வயது முப்பத்தெட்டு,
ஆகவே பெருக்கும் எண் பதினைந்து.
இறந்தவரின் சொந்தச் செலவுக்கென்று
மூன்றில் ஒரு பங்கைக் கழித்தார்கள்.

மாதம் ஐயாயிரம்.
நான் விரல் மடக்கிப் பார்த்தேன்.
தேநீர். இன்சுலேஷன் டேப்.
தீபாவளிக்கு ஒரு கைலி,
அதுவும் நான் திட்டிய பிறகு.
அஞ்சாம் விரலுக்கு ஒன்றும் அகப்படவில்லை.
ஐயாயிரம் செலவழித்திருந்தால்
நல்லாத்தான் இருந்திருக்கும்.

ஏழரை என்றார் நீதிபதி.
எனக்குச் சனி என்று காதில் விழுந்தது.
வட்டியாம், மனுப் போட்ட நாளிலிருந்து.
கொண்டுவிக்கப் போன இடமெல்லாம்
வட்டி எழுதிச் செழித்த சீமை இது.
ஆள் இல்லாத நாளுக்கும்
வட்டி ஏறும் என்று
எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

பிள்ளைகள் பங்கு வங்கியில் கிடக்கிறது,
மேஜராகும் மட்டும்.
நோட்டைத் திருப்பிக் கேட்டேன்.
அப்பீல் காலம் முடியட்டும் என்றார் பெஞ்சு கிளார்க்.
அட்டையில் அவர் ஒட்டிய முருகன் படத்தின் மேல்
முத்திரை குத்தியிருக்கிறார்கள்,
ம.சா.ஆ. 7.

சாட்சி சொன்ன அன்றே
ஜெராக்ஸ் கடை ஓரம் காத்து நின்று
ஆறு நூறு ரூபாய்த் தாள்களை நீட்டினார் ரத்தினவேல்.
எண்ண வேண்டாம் என்றார். எண்ணினேன்.

வரவு வைக்க நோட்டு கையில் இல்லை.
காரைக்குடிப் பேருந்தில்
சீட்டைத் திருப்பிப் பிடித்து
பாக்கி கழிந்தது என்று எழுதப் போனேன்.
ழ-வுக்குப் பயந்து
வரவு என்று மட்டும் எழுதினேன்.