மேசையின் கீழே காட்டுங்கள்

முதல் தடவை வீட்டிலிருந்தே எழுதினேன்,
கருங்கலில், ரப்பர் ஷீட் காயப்போடும் அறையில்.
கொடிக்கயிறுகளை முந்தின இரவே அவிழ்த்தாயிற்று.
புளித்த பால் வாடை மட்டும் போகவில்லை.
வாடையை கேமரா பிடிக்காது என்றான் சுபின்.

ரத்தம் எடுக்கிறவள் நான்.
பதினோரு வருடம், ஒரு நாளைக்கு நாற்பது முழங்கை.
கண்ணை மூடிக்கொண்டு நரம்பைத் தொட்டுவிடுவேன்.
அதை துபாய் நம்புவதற்கு
நூறு கேள்வி வேண்டியிருந்தது.

திரையின் அந்தப் பக்கம் முகமில்லாத ஒருவர்.
எந்த நாடோ, அங்கே பகலோ இரவோ.
எழுத்தில்தான் பேசினார்.
விஜிலா, சுவர்களைக் காட்டுங்கள்.
லேப்டாப்பைக் கைப்பிள்ளைபோல் ஏந்திச் சுற்றி வந்தேன்.
கூரையைக் காட்டுங்கள்.
பல்லி ஒன்று இருந்தது, அதைப்பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை.
காதுகள். கைமடிப்பு. கண்ணாடியின் உள்பக்கம்.
மேசையின் கீழே காட்டுங்கள்.
தேங்காய் மூடையை நகர்த்தப் பத்து நிமிடம்.
சுவரில் இருப்பது என்ன?
திரு இருதய ஆண்டவர்.
படத்தின் அடியில் எழுத்து இருக்கிறது, எடுத்துவிடுங்கள்.
எடுத்தேன்.
இருபது வருடம் வெயில் படாத ஒரு சதுரம்
என்னையே பார்த்துக்கொண்டிருந்தது.

வாசலில் சுபின் காவல்.
சாளைக்காரர் ஹாரன் அடிக்காமல்
முக்கு வரை வண்டியைத் தள்ளிக்கொண்டே போனாராம்.
பக்கத்து வீட்டுப் பிள்ளைகளிடம்
மிண்டாதீங்க மக்கா என்று கும்பிட்டானாம்.
சக்கையை யார் கும்பிடுவது?
இருபத்தேழாம் கேள்வியில் தகரத்தில் விழுந்தது.

யார் கதவைத் தட்டுகிறார்கள்?
சக்கைக்கு ஆங்கிலம் எனக்குத் தெரியும்,
அந்த நிமிடத்தில் வரவில்லை.
பழம் என்று எழுதினேன்.
பிறகு, பெரிய பழம்.

முப்பத்தொன்றில் எச்சரிக்கை: உங்கள் உதடு அசைகிறது.
அசையத்தான் செய்யும்.
ஆங்கிலத்தை நான் வாயால்தான் படிப்பேன்,
ஒவ்வொரு சொல்லாகக் கடித்து.
உதட்டைப் பல்லுக்குள் வைத்துக்கொண்டேன்.
கேள்வி புரியாமல் போயிற்று.
விட்டேன். அசைந்தது.
நாற்பத்து மூன்றில் திரை வெளுத்தது.
இரண்டு மாதச் சம்பளம்.

அன்றிரவு சக்கைக்குரு அவித்துத் தின்றோம்,
பேச்சில்லாமல்.

இரண்டாம் தடவை திருவனந்தபுரம்.
மார்த்தாண்டத்தில் நாலரை மணி பஸ்.
களியக்காவிளை தாண்டியதும் கடைப் பலகைகள் எழுத்து மாறின,
நான் கேள்விகளையே ஓதிக்கொண்டு வந்தேன்,
பக்கத்து சீட்காரர் ஜெபம் என்று நினைத்து
தன் போனின் சத்தத்தைக் குறைத்தார்.

மூன்றாம் மாடி. பத்தொன்பதாம் நம்பர் லாக்கர்.
தாலிச் செயினைத் தவிர எல்லாம் அதற்குள்.
உள்ளங்கை நரம்பைப் படிக்கும் ஒரு இயந்திரம்,
அதில் கை வைக்கச் சொன்னாள் ஒரு பெண்.
சிவப்பு விளக்கு.
மறுபடியும் சிவப்பு.
என் நரம்பு கிடைக்கவில்லையாம்!
கை தணுத்திருக்கு, நல்லாத் தேய்க்கணும் என்றாள்,
நான் தினம் நாற்பது பேரிடம் சொல்வதை.
நான் தேய்க்கும்வரை நில்லாமல்
அவளே என் இரண்டு கையையும் பிடித்துத் தேய்த்தாள்.
சூடான, அவசரமான கை.
பச்சை.

உள்ளே ஏசி. முப்பது தடுப்புகள்.
ஒருவன் காலாட்டினான், ஒருத்தி மூக்கை உறிஞ்சிக்கொண்டே இருந்தாள்.
என் உதடு தன்பாட்டுக்குப் போயிற்று.
நடைபோடும் கண்காணிப்பாளர் நின்றார், பார்த்தார்,
பக்கத்துப் பையனுக்குக் காதடைப்பான் கொடுத்துவிட்டு நகர்ந்தார்.
நாற்பத்து மூன்று வந்தது, போயிற்று.
அறுபதுக்குப் பிறகு எண்ணவில்லை.

திரும்பும் பஸ்ஸில், களியக்காவிளையில்,
சில்லறைக்குப் பையைத் துழாவினால் லாக்கர் சாவி.
கொடுக்க மறந்திருக்கிறேன்.
போன் செய்தேன். கூரியரில் போடுங்கள் என்றார்கள்.
போடவேண்டும்.

முடிவு இன்னும் வரவில்லை.
வந்ததும் படத்தை மாட்டலாம் என்கிறான் சுபின்,
எந்த முடிவு வந்தாலுமா என்று நான் கேட்கவில்லை.
வெளிறாத சதுரத்தின் நடுவே வளைந்த ஆணி.
இப்போதைக்கு அதில் பத்தொன்பது தொங்குகிறது.