பதிலளித்தவர் 41

முதல் தடவை வந்தப்போ
ரப்பர் செருப்பு, துணிப்பை, இருபத்தாறு வயசு.
தண்டையார்பேட்டை ரயில்வே குவார்ட்டர்ஸ் பொண்ணு,
பேரு ஞானசுந்தரி.
காசிமேட்டு ஐஸ் தண்ணியில புடவைக் கரை நனைஞ்சி நின்னா.
"என்ன வேலை செய்றீங்க?"
"வேலை ஒண்ணும் இல்லம்மா, வூட்டுலதான் கீறேன்"
இறா உரிச்சிக்கினே சொன்னேன்.
கட்டத்துல எழுதப் போனவ நிறுத்தி
என் கூடைங்கள எண்ணினா.
காகிதத்து ஓரத்துல பென்சில்ல எழுதினா:
பதினேழு கிலோ.
அதுவரைக்கும் நான் எண்ணினதில்ல.

ரெண்டாந் தடவை கடிகாரத்தோட வந்தா.
ஒரு மணிக்கு லாரித் தண்ணி,
மூணுக்கு ஏலம்,
பத்துக்குக் கல்மண்டபத்துல கூடை.
"தூக்கம்"னு ஒரு கட்டம் இருந்துது.
அதுல இன்னா போடறதுன்னு
ரெண்டு பேரும் கொஞ்ச நேரம் பாத்துக்கினு இருந்தோம்.

நடுவுல தில்லிக்குப் போனாளாம்.
நீள மேசை, ஆளுக்கொரு தண்ணி பாட்டில்.
"இதையெல்லாம் வேலைன்னு சேத்தா
கணக்கு எங்க போய் நிக்கும்?"னு ஒருத்தர் கேட்டாராம்.
இன்னா பதில் சொன்னேன்னு எங்கிட்ட சொல்லல, சிரிச்சா.
ஏலத்துல வெல போகாத அன்னிக்கு
நானும் அப்படித்தான் சிரிக்கறது.

மூணாந் தடவை புத்தகம்.
வஞ்சிரத் தலை கனம் இருந்துது.
நூத்திப் பன்னெண்டாம் பக்கம், அடியில, பொடி எழுத்து:
பதிலளித்தவர் 41.
"என் பேர ஏன் போடல?"
"உங்களுக்கு வம்பு வரக்கூடாதுன்னுதான்."
"எனக்கு வராத வம்பா?"
நாலு புத்தகம் எழுதினவ
தலையக் குனிஞ்சிக்கினா.

அந்தப் பக்கத்த வெச்சித்தான்
துறைமுகத்துல பொம்பளைங்களுக்குக் கக்கூஸ் வந்துச்சாம்.
ஆறு கதவு, பச்சை ஓடு, ஒரு போர்டு:
காலை ஏழு முதல் மாலை ஆறு வரை.
நாங்க ரெண்டு மணிக்கே வந்துடுவோம்.
போன்ல சொன்னேன்.
அந்தாண்ட ரொம்ப நேரம் மூச்சு மட்டும் கேட்டுது.

அப்பால பதினோரு கடுதாசி எழுதினா.
மாநகராட்சிக்கு, மீன்வளத்துக்கு,
மறுபடி மாநகராட்சிக்கு.
அதெல்லாம் ரிட்டையரான பின்னாடி,
முட்டி வலியோட, சொந்த ஸ்டாம்பு ஒட்டி.
எந்தப் புத்தகத்துலயும் வராது.

சாவி இப்ப என் இடுப்புல.
அதுவும் மீன் நாத்தம் அடிக்குது.

போன வாரம் வேற ஒரு பொண்ணு வந்துது, கையில டேப்லெட்டு.
"தொழில்?"
"மொதல்ல பேர எழுது. தேசம்மா."
"பேருக்குக் கட்டமே இல்லக்கா."
"அப்போ ஓரத்துல எழுது."
விரலால மேலயும் கீழயும் தள்ளிப் பாத்துது, பாவம்.
அதுக்கு ஓரம் இல்லியாம்.