முப்பத்தோராம் வரிசை

இடர்ப் பதிவேட்டில் முப்பத்தோராம் வரிசையை எழுதியவள் நான்.
பால் குளிரூட்டும் கூடத்தின் பழைய கணினி.
இனி அதற்குத் திருத்தங்கள் வராது.
நிகழும் வாய்ப்பு: குறைவு. பாதிப்பு: மிக அதிகம்.
பொறுப்பாளர்:
அந்தக் கட்டம் மூன்றாண்டாய் வெறுமையாகவே கிடந்தது,
ஃப்ரீஸ்லாந்தின் ஜனவரிப் புல்வெளிபோல.

காலாண்டுக்கொரு முறை கூட்டத்தில் வைப்பேன்.
காபி வரும். வெண்ணெய் தடவிய இஞ்சி ரொட்டி வரும்.
யெல்மர் சிவப்புக் கட்டத்தைப் பார்ப்பார்,
புது இயந்திரத்தின் விலையைப் பார்ப்பார்,
கடிகாரத்தைப் பார்ப்பார்.
"ஏற்றுக்கொள்கிறோம்" என்று ஒப்பமிடுவார்.
ஏற்றுக்கொள்வதற்கு
எத்தனை அழகான கையெழுத்து!

அந்த மார்ச்சில்தான் ஃபொப்பே பிடிபட்டார்.
கணக்குப் பிரிவு. பேச்சு குறைவு.
வெள்ளிதோறும் ஒரு வன்தட்டை
பிஸ்கட் டப்பாவில் வைத்து
சைக்கிள் பையில் வீட்டுக்குக் கொண்டுபோகிறார்.
கடவுச்சொல் இல்லை, குறியாக்கம் இல்லை, அனுமதி இல்லை.
ஏன் என்று கேட்டேன்.
"கடலுக்குக் கீழே தூங்குகிறோம், வைத்ஸ்கே.
ஏதாவது ஒன்றை மாடியில் வைக்க வேண்டாமா?"
எழுத்தில் எச்சரிக்கை கொடுத்தேன். விதி ஒன்பது, உட்பிரிவு இரண்டு.
நான்காய் மடித்து
அதே டப்பாவில் போட்டுக்கொண்டார்.

நவம்பரில் ஒரு ஞாயிறு, விடியாத நாலு மணி.
தீவனக் கம்பெனியின் பெயரில் வந்த ஒரு விலைச்சீட்டை
யாரோ வெள்ளிக்கிழமையே திறந்திருந்தார்கள்.
யாரென்று இன்றுவரை நான் எழுதவில்லை.
திரைகள் ஒவ்வொன்றாக ஒரே வாக்கியத்தைச் சொல்லின.
காப்பு நகல் சர்வரும் அதையே சொன்னது,
அதே கம்பியில் கட்டியிருந்த நாய்
அதே குரலில் குரைப்பதுபோல.

வாசலில் பதினேழு பால் லாரிகள்,
என்ஜின் அணைக்காமல்.
தொலைபேசியில் டவ்வே, நூற்றுப்பத்து மாட்டுக்காரர்:
"கணினி வரும்வரை பொறு என்கிறாய்.
மடியிடம் அதை நீயே வந்து சொல்."
பொறுக்கவில்லை எந்த மடியும்.
அன்று மதியம் சாணக்குழிகளில் பால் ஊற்றினார்கள்.
வெள்ளை சற்று நேரம் மிதந்தது.
பிறகு அதுவும் சாணத்தின் நிறம்.

ஃபொப்பே மழையில் வந்தார்.
மேசைமேல் டப்பா. மூடியில் காற்றாலைப் படம்.
திறக்குமுன் என்னைப் பார்த்தார்:
"இது விதிமீறல்தானே?"
"ஆமாம்" என்றேன்.
"திறக்கட்டுமா?"
"திறங்கள்."

ஒன்பது நாள் ஆயிற்று எழுந்து நிற்க.
தணிக்கைக்காரர் கேட்டார், எப்படி மீண்டீர்கள் என்று.
மாற்று நகலிலிருந்து மீட்கப்பட்டது, என்று எழுதினேன்.
யார் மீட்டார் என்று கேட்காத ஒரு வினைச்சொல்.
யெல்மர் கேக் வாங்கினார். ஃபொப்பேக்குக் கைதட்டினோம்.
எச்சரிக்கையைத் திரும்பப் பெறலாமே என்றார்கள்.

பெறவில்லை.
எண்ணூற்றுப்பன்னிரண்டு பண்ணைகளின் வங்கிக் கணக்கு
பூட்டில்லாத தகரத்தில்
பாலத்துக்கும் கால்வாய்க்கும் நடுவே சைக்கிளில் போனது.
அது எங்களைக் காப்பாற்றியது.
அது தண்ணீரில் விழுந்திருக்கலாம்,
தண்ணீரைவிட மோசமான கைகளில் விழுந்திருக்கலாம்.
இரண்டும் உண்மை. இரண்டுக்கும்
ஒரே கட்டம்தான் வைத்திருக்கிறது என் பதிவேடு.

முப்பத்தோராம் வரிசையைத் திருத்தப் போனேன்.
வாய்ப்பு: குறைவு, நடுத்தரம், அதிகம்.
நடந்துவிட்டது என்ற தேர்வு பட்டியலில் இல்லை.

இன்று வெள்ளி. மணி ஐந்து.
புதுக் காப்பகம் வேறொரு நகரத்தில், பூட்டோடு,
சோதித்த தேதியோடு இருக்கிறது. விலையும் கொடுத்தாயிற்று.
ஆனாலும் சன்னலுக்குக் கீழே
அவர் சைக்கிள் வளைந்து போகிறது.
பை உப்பியிருக்கிறதா?
நான் பார்க்கவில்லை.

பார்க்காததையும் எழுதியாக வேண்டும்.
முப்பத்திரண்டு.
இம்முறை கடைசிக் கட்டத்திலிருந்து தொடங்குகிறேன்.
பொறுப்பாளர்: வைத்ஸ்கே ஹூக்ஸ்ட்ரா.