வேளை

பினாங்குப் பெரியாஸ்பத்திரி வாசலில்
நாற்பதடி உயரத்தில் ஒரு கை.
தோள் இல்லை. உடல் இல்லை.
உள்ளங்கை கொஞ்சம் சாய்ந்திருக்கும்.
கொடுக்கிறதா வாங்குகிறதா என்று
பஸ் நிறுத்தத்தில் தினமும் ஒரு சண்டை.

டைட்டானிய வலைக்குள் கண்ணாடி நரம்புகள்.
உள்ளே படுத்திருக்கும் ஆயிரத்து இருநூறு பேரில்
யாருக்காவது மாத்திரை நீட்டப்பட்டால்
கையின் உச்சியில் ஓர் ஒளிமணி பிறக்கும்.
விழுங்கியதும்
விரல்நுனிக்கு இறங்கிச் சொட்டும்.
மறுத்தால் இருந்த இடத்திலேயே அணையும்.
இரவு எட்டு மணிக்குப் பார்க்க வேண்டும்:
கை முழுக்க மழை.
கல்யாண ஜோடிகள் படமெடுக்க வருவார்கள்.

செய்தவர் கூ போ இம்.
திறப்பு விழாவுக்கு மூன்று நாள் முன்னால்
எட்டாவது வார்டில் போய்ச் சேர்ந்தார்.
அன்று எத்தனை சொட்டின என்று
யாரும் எண்ணவில்லை.

நான் லிஃப்ட் மெக்கானிக்.
சிலைக்குத் தனி ஆள் வைக்க பட்ஜெட் கிடையாது.
உயரமாக இருப்பதெல்லாம் என் பிரிவு.

பெயர்ப்பலகை நான்கு மொழியில்.
மூன்று சரி.
தமிழில் மட்டும் ‘மூன்று வேலை’.
பதினோரு தடவை எழுதிப் போட்டேன்.
ஒரெழுத்து மாற்ற
மூன்று கொட்டேஷன் கேட்டார்கள்.
“மூணு வேலை பாக்குறவங்கதான இந்த ஊர்ல பாதி,
பலகை பொய் சொல்லலியே” என்றாள்
மிஸி செபமாலை.
அவளுக்கே இரண்டு.

நேற்று விடியற்காலை மூன்று நாற்பது, போன்.
ஒரு மணி நடுக்கையில் நிற்கிறதாம்.
விழவில்லை. அணையவுமில்லை.

ஆயர் ஈத்தாமிலிருந்து மோட்டாரில் வந்தேன்.
கடல் ஏறிய இரவு,
வெல்ட் கீ பக்கம் போக முடியாது,
சுற்றிக்கொண்டு வந்ததில் கால்சட்டை முழங்கால்வரை உப்பு.
ஏணி போட்டு ஏறினேன்.
மணிக்கட்டில், நாடி பிடிக்கும் இடத்தில்தான்
மூடி வைத்திருக்கிறார் போ இம்.
திறந்தால் உள்ளே வெதுவெதுப்பு.
மின்சாரம் சரி. சென்சர் சரி.
எல்லாம் சரியாக இருப்பதைப்போலத் தொல்லை
வேறில்லை.

பதினொன்றாவது வார்டுக்குப் போன் அடித்தேன்.
செபமாலை கிசுகிசுத்தாள்:
“கட்டில் பதினேழு.
மாத்திரைய உள்ளங்கையில வச்சுக்கிட்டு
ஜன்னலையே பாக்குறாரு.
முழுங்கவும் இல்ல, வேணாங்கவும் இல்ல.”
“எவ்வளவு நேரமா?”
“ஒங்களுக்கு முன்னாலேர்ந்து.”

சிவப்புப் பொத்தான் ஒன்று இருக்கிறது.
அழுத்தினால் மணி விழுந்துவிடும்.
விழுந்தால் ‘விழுங்கினார்’ என்று
கணினி எழுதிக்கொள்ளும்.
நான் வீட்டுக்குப் போய்த் தூங்கலாம்.

மருந்துச் சீட்டில் இரண்டே காலம்:
சாப்பாட்டுக்கு முன்.
சாப்பாட்டுக்குப் பின்.
என் முகத்துக்கு எதிரே
ஒரு புளியங்கொட்டை அளவு
நடுங்காமல் நின்றுகொண்டிருந்த அது
எதற்கு முன், எதற்குப் பின்?

பொத்தானிலிருந்து விரலை எடுத்துக்
கால்சட்டையில் துடைத்தேன்.

ஏணியின் ஏழாம் படியில் உட்கார்ந்து
பிளாஸ்டிக் பையிலிருந்த கோப்பி ஓவை உறிஞ்சினேன்.
பதினொன்றாவது வார்டில் ஒரே ஒரு ஜன்னலில் வெளிச்சம்.
அவரும் இதைப் பார்க்கிறாரோ என்னவோ.
பார்த்தால்,
தன்னுடையது என்று தெரிந்திருக்குமா?
பள்ளிவாசலில் பாங்கு கேட்டது.
கொடிமலை கறுப்பிலிருந்து நீலமாகி
பிறகு மலையானது.
பசியாற மணி ஏழாகும்,
அதுவரை அவரை யாரும் அவசரப்படுத்தப் போவதில்லை.

அறிக்கையில் எழுதினேன்:
பழுது: இல்லை.
மாற்றிய பாகம்: இல்லை.
செலவான நேரம் என்ற கட்டத்தில்
பேனாவை வைத்தேன், எடுத்தேன்.
காலியாகவே விட்டேன்.
சம்பளத்தில் பிடிப்பார்கள்.

இறங்கி, ஏணியை மடித்து,
கேபிளில் குறிபோடும் கறுப்பு மார்க்கரை எடுத்து
பலகையில் அந்த ல-வின்மேல்
ஒரு ள எழுதினேன்.
கொஞ்சம் கோணல்.
மழையில் அழியாத மை.

நிமிர்ந்து பார்க்காமல்
மோட்டாரை உதைத்தேன்.