பதினைந்து குதிரை

மேடையில் ஒருவர் தூக்கு என்றார்;
பலத்த கைதட்டல்.
மற்றவர் புனர்வாழ்வு என்றார்.
அந்தச் சொல் எங்கள் வீட்டுக்கு
முன்பே ஒருமுறை வந்திருக்கிறது:
பதினான்கு மாதம் கழித்து என் புருசன்
மேசன் வேலைச் சான்றிதழோடு பஸ்ஸால் இறங்கினார்.
இன்றுவரை ஒரு சுவரும் கட்டவில்லை.

"நீங்கள் பாதிக்கப்பட்டவர், சொல்லுங்கோ."
மைக்கை என் பக்கம் நீட்டினார்கள்.
பதினைந்து குதிரை எஞ்சின்,
கட்டுக்காசு இன்னும் ஏழு மாதம்.
திருக்கடலூர்க் கரையில் வைத்துத்
தூளுக்காகக் கழற்றியவன் நிரேக்சன்.
எஞ்சின் என்றேன்.
வேறொன்றும் வாயில் வரவில்லை.

வெளியே, பஸ் நிலையத்தடியில்,
மான்கள் சுவரொட்டி தின்றுகொண்டு நின்றன.
பசை ருசிக்கும் போல.
ஒருவரின் நெற்றி போயிருந்தது,
மற்றவரின் வாக்குறுதியில் பாதி.

மாசியில் அவன் வெளியே வந்தான்.
உள்ளே தச்சு பழக்கினார்களாம்;
ஊரில் யார் தங்கள் கதவைத் தொடவிடுவார்கள்?
என் முற்றத்தில்
செருப்பைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு,
"அக்கா, ஏதும் வேலை..."
மன்னிப்புக் கேட்கவில்லை.
கேட்டிருந்தால் துரத்தியிருப்பேன்.

கிழிந்த வலையை எடுத்தெறிந்தேன்.
பொழுதுபடுமட்டும் குனிந்த தலை நிமிராமல் பொத்தினான்.
கண்ணிகள் நேராகத்தான் இருந்தன.
கூலியோடு ஒரு தேத்தண்ணியும் கொடுத்தேன்.

அவன் ஒழுங்கை திரும்பும்வரை பார்த்திருந்துவிட்டு
மிதவைகளை எண்ணினேன்.
நாற்பத்தொன்று.
பிழைத்திருக்கும் என்று திரும்ப எண்ணினேன்.
நாற்பத்தொன்று.

அடுப்படி வாசலில் நின்று புருசன் பார்த்தார்.
அவரையும் ஒரு காலம் எண்ணினார்கள்,
மாதம் இரண்டுதரம்,
கையெழுத்து வாங்கி.