நாலு சொல்

ஆன்னெக்ரெட் ஃபோல்மர்
ஓய்வு பெற்றுவிட்டாளாம்.
முப்பத்தொரு வருஷம்,
முதலில் பான் நகரம், பிறகு பெர்லின்,
நாடாளுமன்றப் படிக்கட்டில்
அதே சாம்பல் கோட்டில் மழையில் நின்று
ஆட்சிகள் கவிழ்ந்ததைச் சொன்னவள்.
கேமராமேன் டீட்டர் அனுப்பிய
வழியனுப்பு வீடியோவில்
கடலூருக்கு இரண்டு விநாடி.
சோனாங்குப்பத்து மணல், கவிழ்த்துப் போட்ட படகு,
ஓரத்தில் ஒரு முழங்கை.
அந்த முழங்கை நான்.

பதினோரு நாள் வேலை.
நாளுக்கு மூவாயிரம், சாப்பாடு தனி.
திருப்பாதிரிப்புலியூர் லாட்ஜில்
வேட்பாளர்களின் சொத்துப் பட்டியலை
என்னை வாசிக்கச் சொல்லி
பூஜ்யங்களைத் தானே எண்ணுவாள்.
சிப்காட் காற்று திரும்பிய ராத்திரி
ஜன்னலைச் சாத்தவில்லை.
துண்டால் மூக்கைப் பொத்திக்கொண்டு
இதை எப்படி ஒளிபரப்புவது என்றாள்.
நாற்றத்துக்கு மைக் கிடையாது.

பழைய டவுன் ஆபீஸில் தணிகாசலம்
இளநீர் உறிஞ்சிக்கொண்டிருந்தார்.
வோ ஸிண்ட் டீ ஹாய்ஸர், என்றாள்.
முந்தின நாளே அர்த்தம் சொல்லியிருந்தாள்:
புயலுக்கு அப்புறம் கட்டித் தருவதாகச் சொன்ன
எழுநூறு வீடு.

நான் கேட்டேன்:
ஐயா, தப்பா எடுத்துக்கக் கூடாது,
அம்மா ரொம்ப தூரத்திலேர்ந்து வந்திருக்காங்க,
நம்ம தொகுதி மேல பெரிய மரியாதை,
அந்த வீட்டு வசதித் திட்டம் பத்தி
உங்க வாயால ரெண்டு வார்த்தை...

அவர் சிரித்தார். எனக்கும் ஒரு இளநீர் வந்தது.

கெடிலம் பாலத்தில் வண்டி ஊர்ந்தபோது
அவள் வாட்சைப் பார்த்தபடி சொன்னாள்:
என்னுடையது நாலு சொல்.
உன்னுடையது இருபத்திரண்டு விநாடி.
மீதியில் என்ன இருந்தது?

எங்கள் பாஷையில் மரியாதை நீளம் என்றேன்.
மீதியில் இருந்தது
தங்கை வீட்டுக்காரனின் நகராட்சி கான்ட்ராக்ட்,
ராத்திரி என் பைக் நிற்கிற தெரு,
போன தீபாவளிக்கு வந்த கவர்.
அதைப் பிரிக்கும்போது நான் எண்ணவில்லை,
கனம் பார்த்தேன்.

அவள் திட்டவில்லை.
அந்த இருபத்திரண்டு விநாடியை
வெட்டாமல், அடியில் எழுத்து போடாமல்
அப்படியே ஓடவிட்டாளாம்.
அது ஏதாவது பிரார்த்தனையா என்று கேட்டு
ஹாம்பர்க்கிலிருந்து ஒருத்தர் கடிதம் போட்டாராம்.
டீட்டர் இதைச் சொல்லிச் சிரித்தான்.
நான் போனைக் கொஞ்சம் தள்ளிப் பிடித்துக்கொண்டேன்.

இன்றைக்கு மஞ்சக்குப்பத்தில்
தணிகாசலத்தின் மகன் பேசுகிறான்.
ஏழாயிரம் வீடு என்கிறான்.
ஒரு பூஜ்யம் கூடியிருக்கிறது.
நோட்டில் எழுதி வைத்திருக்கிறேன்:
வீடெல்லாம் எங்கே.
தமிழில் இரண்டே சொல்,
அவளுடையதில் பாதி.
மறுபடி எண்ணினால் மூன்று வருகிறது.
முன்னால், என் கையெழுத்திலேயே,
ஒரு அண்ணே.

மைக் இரண்டு வரிசை தள்ளி
வந்துகொண்டிருக்கிறது.
பேனா மூடியை எங்கோ போட்டுவிட்டேன்.